என் உடம்பையே ஆற்றுகை ஆக்கலாமா? மட்டக்களப்புத் தங்கச்சி ஒருவருக்குப் பதில்

கேள்வி இதுதான்: மட்டக்களப்பில் இருக்கும் ஓர் இளம்பெண். மோட்டார் சைக்கிள் விபத்தில் வலது கால் முழங்காலுக்குக் கீழே போய்விட்டது. பொய்க்கால் போட்டு நடக்கிறார். பள்ளிக்கூட நாட்களில் நாடகம் நடித்தவர். இப்போது தன் உடம்பையே வைத்து, தனியாக, பேச்சு அதிகமில்லாத ஓர் ஆற்றுகை, அதாவது சபை முன் நிகழ்த்திக் காட்டும் ஒரு கலை நிகழ்வு, செய்ய ஆசைப்படுகிறார். வீட்டிலோ, "ஊருக்கு முன்னால காலைக் காட்டிப் பாவம் தேடப்போறியா?" என்கிறார்கள். இது கலையா, அனுதாபம் தேடுவதா, தொடங்குவதென்றால் எப்படி என்று கேட்டிருக்கிறார்.

தங்கச்சி, முதலில் நேரடிப் பதில்: இது கலைதான், செய்யலாம். ஆனால் அம்மா அப்பா சொல்வதைப் பழைய காலத்து ஆட்களின் பேச்சு என்று தள்ளிவிடாதீர்கள். அவர்கள் பயப்படுவது நடக்கக்கூடிய விஷயம். மாற்றுத்திறனாளி ஒருவர் மேடையேறினாலே சபை கண்ணைத் துடைத்துக்கொண்டு கைதட்டத் தயாராகிவிடும். அவர் மேடையில் என்ன செய்தார், நன்றாகச் செய்தாரா என்று பார்க்கிறவர்கள் குறைவு. அப்படி ஒரு கைதட்டலை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தால் உங்களுக்கே மனம் நிறையாது.

அதோடு, நீங்கள் பார்வையாளர் முன்னால் வரப்போவது இதுதான் முதல் தடவையா? பஸ் ஏறும்போது பார்க்கிறார்கள். கோயில் வாசலில் செருப்புக் கழற்றும் இடத்தில் பார்க்கிறார்கள். கலியாண வீட்டில் பாயில் காலை நீட்டி இருந்தால் பார்க்கிறார்கள். "பாவம்கா இந்தப் புள்ள" என்று உங்கள் காதில் விழும்படியே சொல்கிறார்கள். அந்தப் பார்வை எப்போது தொடங்கும், எந்தத் தூரத்தில் இருந்து வரும், எவ்வளவு நேரம் இருக்கும், எப்போது முடியும் என்பதில் எதுவும் உங்கள் கையில் இல்லை. ஆற்றுகையில் இந்த நாலையும் நீங்கள் தீர்மானிக்கிறீர்கள். பாவம் தேடுவதற்கும் கலைக்கும் நடுவே நான் காணும் கோடு இதுதான். காலைக் காட்டுவதா மறைப்பதா என்ற கேள்வி அதற்குப் பிறகுதான் வரும்.

நம் சபைக்குக் கால் இழந்தவரின் கதை இரண்டு விதமாகத்தான் பழக்கம். முதலாவது, தண்டனையும் அருளும். நொண்டி நாடகம் என்று ஒரு பழைய வகை இருக்கிறது. திருச்செந்தூர் நொண்டி நாடகம், சீதக்காதி நொண்டி நாடகம் என்று தமிழகத்தில் சில பெயர்பெற்றவை. மட்டக்களப்புக் கூத்து மரபில் இருந்து ஒரு நொண்டி நாடகத்தைப் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களில் பேராதனைப் பல்கலைக்கழக மாணவர்களைக் கொண்டு மேடையேற்றினார். இந்த வகை நாடகங்களின் கதை பெரும்பாலும் ஒரே வார்ப்பு. ஒருவன் தாசியிடம் பொருளைத் தொலைக்கிறான், குதிரை திருடப் போய் அகப்படுகிறான், தண்டனையாகக் கால் வெட்டப்படுகிறது, மனந்திருந்தி வணங்குகிறான், கால் திரும்ப வளர்கிறது.

எனக்கு இதில் வியப்பு அதன் வடிவம்தான். நொண்டியே சபைக்கு வந்து, தன் வாயாலேயே தன் கதையைச் சொல்கிறான். ஏறக்குறைய முழு நாடகமும் ஒரே ஆளின் கூற்று. பாட்டின் ஓசையும் ஊன்றி இழுத்து ஊன்றி இழுத்து நடக்கும். அந்த நொண்டிச்சிந்தில்தான் பாரதியார் 'பாரத ஜனங்களின் தற்கால நிலைமை'யைப் பாடினார். ஆகவே ஊனமான உடம்போடு ஒருவர் தனியே நின்று தன் கதையைச் சொல்வதை வெள்ளைக்காரரிடம் கடன் வாங்கியது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஆனால் அந்த நாடகத்தில் கடைசியில் கால் வளரவேண்டும், அதனால் ஆடுகிறவருக்கு இரண்டு காலும் இருந்தே ஆகவேண்டும். கால் இல்லாமல் வாழும் காலம் அந்தக் கதைக்கு ஓர் இடைவழி மட்டுமே. உங்களுக்கோ அதுதான் வாழ்க்கை. நீங்கள் செய்யப்போகும் புது வேலை அங்கேதான் இருக்கிறது: கால் வளராத நொண்டி நாடகம்.

இரண்டாவது பழக்கம், சாதனைக் கதை. சுதா சந்திரனை எல்லோருக்கும் தெரியும். 1981இல் திருச்சிப் பக்கம் நடந்த பஸ் விபத்தில் காலை இழந்து, ஜெய்ப்பூர்க் கால் என்ற பொய்க்கால் பொருத்தி, 1984இல் மறுபடி பரதநாட்டிய மேடை ஏறினார். அடுத்த ஆண்டு அவர் கதையே படமானது, அவரே நடித்தார். அந்த உழைப்பை நான் மதிக்கிறேன். ஆனால் அந்தக் கதையைச் சபை எப்படி எடுத்துக்கொண்டது என்று பாருங்கள்: "பார்த்தால் பொய்க்கால் என்றே தெரியாது" என்பதுதான் பாராட்டு. தெரியாமல் இருப்பதே வெற்றி என்றாகிவிட்டது. அவுஸ்திரேலிய நகைச்சுவைக் கலைஞர் ஸ்டெல்லா யங், அவரும் சக்கர நாற்காலியில் இருந்தவர், இந்தப் போக்கைக் கடுமையாகக் கண்டித்தார். மாற்றுத்திறனாளிகள் சாதாரணமாக எதைச் செய்தாலும் அதை மற்றவர்களுக்கு ஊக்கமருந்தாக்கி விற்பது அவர்களைப் பொருளாக்குவதுதான் என்றார். நீங்கள் பரதம் ஆடிக் காட்டினால் சபை இந்த இரண்டாவது கதையைத்தான் பார்க்கும். உங்கள் ஆசை வேறு என்று உங்கள் கேள்வியிலேயே தெரிகிறது.

அப்படியானால் வேறு என்ன வழி? உடம்பையே கருவியாக்கிய சிலரைச் சொல்கிறேன்.

அயர்லாந்தின் மேரி டஃபி இரு கைகளும் இல்லாமல் பிறந்தவர். உடையில்லாமல், கையில்லாத பழைய கிரேக்கச் சிலையைப் போலச் சபை முன் நின்று, வைத்தியர்களும் வழிப்போக்கர்களும் தன்னைப் பற்றி வாழ்நாள் முழுக்கச் சொன்ன வார்த்தைகளைச் சபைக்கே திருப்பிச் சொன்னார். சிலையை ரசித்த கண், இப்போது பேசுகிற ஆளைப் பார்க்கவேண்டி வருகிறது. உடையில்லாமல் நிற்பது நம் ஊரில் நடக்காது, தேவையும் இல்லை. எடுத்துக்கொள்ள வேண்டியது, பார்க்கப்படுகிறவர் திரும்பிப் பார்க்கிறார், பதில் சொல்கிறார் என்பதை.

அமெரிக்கரான பில் ஷனனுக்குச் சிறு வயதிலேயே இடுப்பு மூட்டில் நோய். இரண்டு ஊன்றுகோலில் ஆடுவதற்கென்றே தனி ஆட்டமுறை ஒன்றை உருவாக்கியவர். அவருடைய தெரு ஆற்றுகை ஒன்று மிகவும் எளிமையானது. நடைபாதையில் கீழே கிடக்கும் ஒரு போத்தலை ஊன்றுகோலோடு குனிந்து எடுக்கப் பார்க்கிறார். அதை எடுக்க அவருக்கென்று ஒரு வழி இருக்கிறது, அது கொஞ்சம் வளைந்து நெளிந்து போகும் வழி. போகிறவர்கள் ஓடிவந்து எடுத்துக் கொடுக்கிறார்கள், சிலர் தயங்கி நிற்கிறார்கள், சிலர் பார்க்காதது போலப் போகிறார்கள். ஆற்றுகையே அவர்கள்தான். உதவி என்ற பெயரில் இன்னொருவரின் வேலையைப் பறிப்பது எப்படி இருக்கும் என்று அங்கே கண்ணால் காணலாம். இதை நம் பஸ் நிலையத்தில் நினைத்துப் பாருங்கள், எத்தனை கை நீளும்!

ஸ்கொட்லாந்தின் கிளெயர் கனிங்ஹாம் ஊன்றுகோலில் நடப்பவர், நடன அமைப்பாளர். 2014இல் செய்த ஒரு தனி ஆற்றுகையில், நாஜிகள் ஊனமுற்றோரைக் கொன்றதையும், பிரித்தானியாவில் உதவிப்பணத்துக்காக ஊனத்தை நிரூபிக்கச் சொல்லிச் சோதித்ததையும் மனதில் வைத்து, ஒரு கட்டத்தில் ஊன்றுகோல்களை விட்டுவிட்டு நிற்கிறார். வேறொன்றும் இல்லை, நிற்கிறார். கொஞ்ச நேரத்தில் உடம்பு நடுங்கத் தொடங்குகிறது. எனக்குத் தெரிந்த ஆற்றுகைகளில் இதைத்தான் உங்களுக்கு முதலில் காட்டுவேன். நிற்பது என்பது மற்றவர்களுக்கு ஓய்வு, அவருக்கு உழைப்பு. அந்த ஒன்றை நேரத்தால் மட்டுமே புரியவைக்கிறார், ஒரு விளக்கமும் இல்லாமல்.

லிசா புஃபானோ என்ற இன்னொரு அமெரிக்கர், நோயால் இரு கால்களும் விரல்களும் போனபிறகு, பழைய மேசைக் கால்களைத் தன் கைகால்களில் பொருத்திக்கொண்டு, நாலு காலில் நடக்கும் ஏதோ ஓர் உயிராக ஆடினார். பொய்க்கால் மனிதக் காலைப் போலத்தான் இருக்கவேண்டும் என்று யார் சொன்னது என்பதே அவர் கேள்வி. நம் கூத்தின் ஒரு வகையான வடமோடியை ஆடும் கூத்தரைப் பாருங்கள். கரப்புடுப்பு என்ற பாரமான கூத்து உடை, முடி, புயத்தில் மரக்கட்டைகள், கண்ணாடித் துண்டுகள் என்று உடம்பை இரண்டு மடங்காக்கிக்கொண்டுதானே அரசனாக வருகிறார். அந்த உடுப்போடு அவரால் சும்மா இருக்கக்கூட முடியாது, ஒருவரும் அவரைப் பாவம் என்பதில்லை. மரம் கட்டிய உடம்பு நம் களரிக்கு, கூத்தாடும் அரங்குக்கு, அந்நியம் கிடையாது. உங்கள் பொய்க்காலைக் கூத்து உடுப்பு செய்கிற ஒருவரின் கையில் கொடுத்தால் என்ன ஆகும் என்று யோசியுங்கள்.

உடம்பால் வழக்குப் பேசுவதும் இங்கே புதிதில்லை. வைகாசியில் கண்ணகி அம்மன் கோயில்களில் அவள் கதையான வழக்குரை பாடி, அவள் கோபத்தைத் தணிக்கும் குளிர்த்திச் சடங்கு நடக்கிற மண் இது. மார்பைத் திருகி எறிந்து மதுரையை எரித்தவளைத்தான் ஊர் ஊராகக் குளிர்விக்கிறோம். பாண்டிருப்புத் திரௌபதை அம்மன் கோயிலில் பாரதக் கதையை நாள்கணக்கில் உடம்பால் நடத்தி, தீமிதிப்பில் முடிக்கிறார்கள். உங்கள் அம்மாவுக்கு மேரி டஃபியைச் சொல்வதைவிட இவற்றைச் சொல்லுங்கள், புரியும்.

இனி, மட்டக்களப்புக்கே உரிய ஒரு சிக்கல். கால் இல்லாத ஆளைக் கண்டதும் இங்கே எழும் முதல் கேள்வி "எப்படி நடந்தது?" நீங்களும் அதைத்தான் எழுதியிருக்கிறீர்கள்: விபத்து என்று சொன்னாலும் நம்பாமல், "ஷெல்லா? மிதிவெடியா? இயக்கத்தில இருந்தியா?" என்று, போராளியாக இருந்தீர்களா என்பதுவரை தொடர்கிறார்கள். யுத்தமும் சுனாமியும் கண்ட ஊரில் ஒரு கால் இல்லையென்றால் அதை ஒரு கோப்பாகத் திறந்து படிக்கப் பார்ப்பார்கள். ஷெல் என்றால் ஒரு மரியாதை, இயக்கம் என்றால் ஒரு பயம், மோட்டார் சைக்கிள் என்றால் "ஏன் கவனமில்லாம ஓடினாய்?" ஊனம் எது, அடையாளம் எது என்று பிரிக்கமுடியாத இடம் இது. உங்கள் ஆற்றுகையின் கரு இங்கேதான் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். தமிழ்ப் பெண், இளம் பெண், கலியாணம் பேசவேண்டிய பெண், கால் இல்லாத பெண், எல்லாவற்றுக்கும் மேல் ஒரு சந்தேகம். இவை எல்லாமே மற்றவர்கள் உங்கள் காலில் எழுதியவை. எந்தக் கேள்விக்குப் பதில் சொல்வது, எதற்குச் சொல்லாமல் விடுவது என்று நீங்கள் தெரிவு செய்வதையே சபை முன்னால் செய்யலாம். உதாரணத்துக்கு, உங்களிடம் கேட்கப்பட்ட கேள்விகளை வேறொரு குரலில் ஒலிப்பதிவு செய்து ஓடவிட்டு, நீங்கள் ஒன்றுக்கும் பதில் சொல்லாமல், அன்றாடம் காலையில் செய்வதைச் செய்யுங்கள்.

அந்தக் காலை வேலையைத்தான் நான் மிகவும் பெறுமதியாக நினைக்கிறேன். எழும்பியதும் வெட்டுப்பட்ட இடத்தைத் தடவிப் பார்க்கிறீர்கள், சிவந்திருக்கிறதா, தோல் உரிந்திருக்கிறதா என்று. காலுறையைச் சுருக்கம் விழாமல் இழுத்துவிடுகிறீர்கள், ஏனென்றால் ஒரு சின்னச் சுருக்கம் மத்தியானத்துக்குள் புண்ணாகிவிடும். அன்று கால் வீங்கியிருந்தால் ஒரு உறை குறையும், மெலிந்திருந்தால் ஒரு உறை கூடும். பிறகு காலைப் பொய்க்காலின் கிண்ணத்துக்குள் இறக்கி, எழுந்து நின்று பாரத்தைக் கொடுத்து, சரியாக உட்கார்ந்ததா என்று கேட்டுப் பார்க்கிறீர்கள். இல்லாத பாதம் சிலவேளை கடிக்கும், அதைச் சொறிய முடியாது. இந்த வேலையில் ஒரு தாளம் இருக்கிறது, நுணுக்கம் இருக்கிறது. இதை அரைப் பங்கு வேகத்தில், ஒன்றும் விடாமல் சபை முன் செய்தாலே அரை மணிநேர ஆற்றுகை கிடைத்துவிடும்.

ஒன்றை மட்டும் வற்புறுத்திச் சொல்வேன்: பொய்க்காலைக் கழற்றுவதை உச்சக்கட்டமாக வைக்காதீர்கள். எல்லோருக்கும் முதலில் தோன்றுவது அதுதான். இசை ஏறி, வெளிச்சம் குவிந்து, கால் கழன்று, சபை மூச்சடக்குகிறது. அந்த நொடியில் நீங்கள் மறைந்து கால் மட்டும் நிற்கும். கழற்றத்தான் வேண்டும் என்றால் தொடக்கத்திலேயே, வீட்டுக்குள் வந்து செருப்பைக் கழற்றுவது போலக் கழற்றி ஓரமாக வையுங்கள். சபை பார்த்து முடிக்கட்டும். அப்புறம்தான் உங்களைப் பார்க்கத் தொடங்குவார்கள்.

கூத்தில் இருந்து எடுக்கக்கூடிய இன்னொன்று வட்டக்களரி, வட்டமான ஆடுகளம். சுற்றிவர ஆட்கள், முதுகு காட்டாமல் ஆட முடியாது, ஒளிவிடம் இல்லை. ஒரு பக்கம் மட்டும் திறந்த படச்சட்ட மேடையில் சபை இருட்டில் இருந்து உங்களைப் பார்க்கும், வட்டக்களரியில் அவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். முறைத்துப் பார்க்கிறவரை எதிரே இருக்கிறவர் காண்பார். உங்கள் கருவுக்கு இதைவிடப் பொருத்தமான இடம் இல்லை. முழங்கால் போன வயதான அண்ணாவிமார், கூத்துப் பழக்கும் ஆசான்கள், கதிரையில் இருந்தபடியே ஆட்டம் பழக்குவதைக் கண்டிருப்பீர்கள். மத்தளத்தில் விரல், வாயில் தாளக்கட்டு, இரண்டு கையாலும் காலடியைக் காட்டுவார்கள், பிள்ளைகள் பிழையில்லாமல் எட்டுப் போடுவார்கள். காலால் ஆடுவதைக் கையாலும் குரலாலும் ஆடும் வித்தை நம்மிடம் எப்போதும் இருந்திருக்கிறது, யாரும் அதை ஆற்றுகை என்று பேர் சொல்லி மேடையில் வைத்ததாக எனக்குத் தெரியவில்லை. அப்படியான ஓர் அண்ணாவியாரிடம் போய்ப் பழகுங்கள். சீலாமுனையில் 2000களின் தொடக்கத்தில் நடந்த கூத்து மீளுருவாக்கத்தில், கதையையும் பாத்திரங்களையும் ஊராரே இருந்து கேள்விகேட்டு மாற்றிப் பார்த்தார்கள். கூத்தைத் தொட்டால் தீட்டு என்ற எண்ணம் இங்கே அவ்வளவு இல்லை. கல்லடியில் உள்ள சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் நாடக அரங்கத் துறை இருக்கிறது. மாணவியாகச் சேராவிட்டாலும் அங்கே நடக்கும் ஆற்றுகைகளைப் போய்ப் பாருங்கள், பழக்கம் பிடியுங்கள். ஊனம் உள்ளவர்களையும் இல்லாதவர்களையும் சேர்த்து நடனம் பழக்கும் பட்டறைகளை விஸ்எபிலிட்டி என்ற அமைப்பு மட்டக்களப்பிலும் நடத்தியிருக்கிறது, சுனேரா மன்றம் நாட்டின் பல இடங்களில் அரங்கப் பயிற்சி நடத்தி வந்திருக்கிறது. அங்கே போனால் உங்களைப் போன்ற உடம்புகளோடு சேர்ந்து பயிலலாம். தனி ஆற்றுகை என்றாலும் பயிற்சி தனியாக வேண்டாம்.

பாதுகாப்பைப் பற்றிக் கொஞ்சம். ஆற்றுகைக் கலைஞர் மரீனா அப்ரமோவிச் 1974இல் நேப்பிள்ஸ் நகரில் 72 பொருட்களை மேசையில் வைத்து, ஆறு மணிநேரம் தன்னை என்னவும் செய்யலாம் என்று சபைக்கு விட்டார். தொடக்கத்தில் பூக் கொடுத்தவர்கள் போகப்போக உடுப்பை வெட்டினார்கள், தோலைக் கீறினார்கள், கடைசியில் துப்பாக்கியை எடுத்துக் கழுத்துக்கு வைக்கும் அளவுக்குப் போனது. இதைப் படித்துவிட்டுச் சபையிடம் காலைத் தொடக் கொடுக்கலாம் என்று சிலருக்குத் தோன்றும். நான் வேண்டாம் என்பேன். தொடவிடுவதென்றால் எப்போது நிறுத்துவது என்பதற்கு ஓர் அடையாளமும், அந்த அடையாளத்தைக் கண்டதும் நடுவே வந்து நிற்க உங்களுக்கு நெருக்கமான ஒருவரும் வேண்டும். அந்த ஆள் அக்காவாகவோ தோழியாகவோ இருக்கட்டும். பெண் என்பதால் மேடையை விட்டு இறங்கியபிறகும் அந்த ஆள் பக்கத்தில் இருக்கவேண்டும்.

கைபேசி இன்னொரு ஆபத்து. அரை மணிநேர ஆற்றுகையில் நீங்கள் காலைக் கழற்றும் சில விநாடிகளை மட்டும் வெட்டி, சோகப் பாட்டுப் போட்டு, "இந்தச் சகோதரிக்கு ஒரு லைக்" என்று முகநூலில் ஏற்றுவார்கள். அத்தோடு நீங்கள் கட்டிய நேரமும் தூரமும் போய்விடும், வீட்டார் பயந்ததும் நடந்துவிடும். வாசலிலேயே கைபேசிகளை ஒரு கூடையில் வாங்கி வையுங்கள். ஒருவரை மட்டும் முழுதாகப் பதிவு செய்யச் சொல்லுங்கள், பதிவு உங்களிடம்தான் இருக்கவேண்டும். இதில் கொஞ்சமும் விட்டுக்கொடுக்காதீர்கள்.

இடமும் காலமும். கடற்கரை மணல் படத்துக்கு அழகு, ஊன்றுகோல் புதையும். சீமெந்துத் தரை வழுக்கும், பாய் சுருளும். ஜெய்ப்பூர்க் காலின் பாதம் இறப்பரால் ஆனது, வெறுங்காலோடு நடக்கவும் குந்தவும் ஏற்றபடி செய்தது. உங்களுடையது அதுவென்றால் களரித் தரையில் செருப்பில்லாமல் ஆடலாம், ஆனால் ஈரத்தில் முதலில் ஒத்திகை பாருங்கள். கச்சான் என்ற வெப்பக் காற்று வீசும் மாதங்களில் வைக்காதீர்கள். அந்த வெக்கையில் கிண்ணத்துக்குள் வியர்த்துத் தோல் ஊறிவிடும், ஒத்திகை நாட்களிலேயே புண் வந்து எல்லாம் நின்றுவிடும். மாரி ஓய்ந்தபிறகு, மாசி பங்குனியில் பின்னேர வேளை நல்லது.

முதல் ஆற்றுகைக்கு யாரை அழைப்பது என்பதுதான் கடைசி விஷயம். பிரதம விருந்தினர், பொன்னாடை, உதவித்தொகை கையளிப்பு என்று ஒரு நிகழ்ச்சியின் நடுவே உங்களைச் சொருக வருவார்கள். மறுத்துவிடுங்கள், அந்த மேடை உங்களுக்கு முன்னாலேயே பாவக் கதையைச் சொல்லி முடித்திருக்கும். முப்பது பேர் போதும். அதில் பாதிப் பேராவது ஊன்றுகோலிலும் சக்கர நாற்காலியிலும் வருகிறவர்களாக, கண் தெரியாதவர்களாக இருக்கட்டும். அவர்கள் எங்கே சிரிக்கிறார்கள், எங்கே அலுத்துப்போகிறார்கள் என்று பாருங்கள், அதை வைத்துத் திருத்துங்கள். மற்றவர்கள் அழுத இடத்தில் இவர்கள் சிரித்தால் அந்த இடம் சரியாக வந்திருக்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம். மண்டபம் பார்க்கப் போகும்போது வாசல் படியையும் கழிவறைக் கதவின் அகலத்தையும் அளந்து பாருங்கள். ஊனமுற்றோர் உரிமைச் சட்டம் 1996இலேயே வந்தது, கட்டடங்களுக்கு இலகுவாக நுழையும் வசதி பற்றிய ஒழுங்குவிதிகள் 2006இல் வந்தன, ஆனாலும் பல மண்டபங்களில் இன்னும் மூன்று படி ஏறித்தான் போகவேண்டும். சாய்தளம் இல்லாவிட்டால் பலகை போட்டுத் தரச் சொல்லிக் கேளுங்கள், தரமாட்டோம் என்றால் வேறு இடம் பாருங்கள். அம்மாவையும் அப்பாவையும் அந்த முப்பது பேருக்குள் கூப்பிடுங்கள், முன்வரிசையில் வேண்டாம், எதிர்ப்பக்க வட்டத்தில், மற்றவர்கள் உங்களை எப்படிப் பார்க்கிறார்கள் என்பது அவர்களுக்குத் தெரிகிற இடத்தில்.